அரிசிப் பையில் வந்த வளையப் பாம்பு

இந்த நாட்டுக்குச் சொந்தமில்லாத பாம்பைக் கண்டால் தொடக்கூடாது, இடம் மாற்றக்கூடாது, உடனே தொலைபேசியில் தெரிவிக்க வேண்டும். விதி இவ்வளவுதான். விலங்கு உரிமங்கள் வழங்கும் அரசு அலுவலகம் ஒன்றில் இருபத்தாறு வருடம் உட்கார்ந்து, கேட்டவர்களுக்கும் கேட்காதவர்களுக்கும் இதைத் தபாலில் அனுப்பியவன் நான். ஓய்வு பெற்ற பிறகு, ஒரு பிப்ரவரி மாதத்துச் சனிக்கிழமை காலை, ஆஸ்திரேலியாவில், மல்கிரேவில் என் வீட்டு வாசலுக்கே அந்தப் பாம்பு வந்தது. ஜிப் வைத்த பாஸ்மதி அரிசிப் பையில்.

கொண்டுவந்தவர் அடுத்த தெருவில் வாடகைக்கு இருக்கும் இலங்கைத் தமிழர். படகில் வந்து பன்னிரண்டு வருடமாகியும் தற்காலிக விசாவில் இருப்பவர். பக்கத்து அலுவலகக் கட்டடங்களின் தோட்ட வேலை அவருடையது. நிரந்தர விசாவுக்கான அவரது விண்ணப்பம் அப்போது பரிசீலனையில் இருந்தது. அதை நிரப்பியது நான்.

"அங்கிள், இதைக் கொஞ்சம் பாருங்கோ. புதருக்குள்ள கிடந்தது."

"பாம்பை ஏங்க இங்க கொண்டு வந்தீங்க? போன் பண்ண வேண்டியதுதானே?"

"போன் எடுத்தால் பேர் கேப்பினம், விசா கேப்பினம். வேற ஆரிட்டக் கொண்டு போறது? என்ர ஃபோர்ம் எல்லாம் நீங்கள்தானே நிரப்புறனீங்கள்."

எங்கள் பக்கத்தில் அது ஒரு வழக்கமாகிவிட்டது. அரசாங்கத்திடம் போக வேண்டிய எதுவும் முதலில் என் வீட்டுக் கூடத்துக்கு வரும். பாம்பு வந்தது இதுவே முதல் தடவை.

நான் அந்த நிமிடமே தொலைபேசியை எடுத்திருக்க வேண்டும். எடுத்தது பூதக்கண்ணாடியை. பையிலிருந்ததைப் பெரிய பிளாஸ்டிக் பெட்டிக்கு மாற்றி, மூடியை இறுக்கி, வெளியிலிருந்து பார்த்தேன். சிவப்பு, கறுப்பு, வெள்ளை வளையங்கள், கண்ணாடி வளையல் அடுக்கியதுபோல. இங்கே ஊரும் வளையப் பாம்புக்குக் கறுப்பும் வெள்ளையும்தான், சிவப்பு கிடையாது. ஆகவே இது அமெரிக்காவின் மலைப்பகுதிக் கிங்ஸ்நேக். நஞ்சில்லாதது. இங்கே வளர்க்கத் தடை உள்ளது. மூக்கு கறுப்பாக இருந்தால் கலிபோர்னியா இனம், வெளிறியிருந்தால் அரிசோனா இனம். இதன் மூக்கு வெளிறியிருந்தது.

பிறகுதான் தொலைபேசினேன். அதிகாரி வருவதற்குள், கண்டெடுத்தவர் தர வேண்டிய படிவத்தை அவர் பெயரில் நிரப்பி வைத்தேன். 'விலங்கின் விவரம்' என்ற இடத்தில் ஒரு சொல் போதும். நான் இனத்தின் லத்தீன் பெயர், வளையங்களின் வரிசை, மூக்கின் நிறம் எல்லாவற்றையும் எழுதி, இடம் போதாமல் தனித்தாளும் இணைத்தேன். அவர் வாசிக்காமல் கையெழுத்திட்டார்.

பாம்பை எடுத்துக்கொண்ட பெண் அதிகாரி தனித்தாளை இரண்டு முறை படித்தார். கையெழுத்திட்டவரைப் பார்த்து, "எத்தனை காலமாக இதை வளர்க்கிறீர்கள்?" என்று ஆங்கிலத்தில் கேட்டார்.

அவர் என்னைப் பார்த்தார்.

"எழுதியது நான்," என்றேன்.

"கையெழுத்து அவருடையது. பாம்பும் அவர் கையில்தான் இருந்திருக்கிறது. விசாரணை முடியும்வரை கோப்பு திறந்தே இருக்கும்."

அதிகாரியின் சொற்களில் பிழை ஏதுமில்லை. அவர் இடத்தில் நான் இருந்தாலும் அதைத்தான் சொல்லியிருப்பேன். விசா விண்ணப்பத்தில் ஒரு கேள்வி உண்டு: உங்கள்மீது ஏதேனும் விசாரணை நிலுவையில் இருக்கிறதா? 'இல்லை' என்று நான் நிரப்பியிருந்த பதிலை நானே 'ஆம்' என்று திருத்தி அனுப்ப வேண்டியதாயிற்று. பன்னிரண்டு வருடக் காத்திருப்பை என் ஒரு தனித்தாள் கெடுத்துவிடும் போலிருந்தது.

தனித்தாளை எழுதியது நானே என்று சத்தியப் பிரமாணம் எழுதிக் கையெழுத்திட்டு என் பழைய அலுவலகத்துக்கு அனுப்பினேன். அனுப்பிய ஒவ்வொரு கடிதத்துக்கும் 'பெற்றுக்கொண்டோம்' என்று கணினி நன்றி சொன்னது. அந்த நன்றியின் வாசகத்தை ஒரு காலத்தில் தயாரித்ததும் நான்தான்.

பாம்பைக் கொண்டுவந்தவர் வாரம் ஒருமுறை வேலை முடிந்து வந்து கதவருகில் நிற்பார்.

"கடிதம் வந்ததோ, அங்கிள்?"

"இன்னும் வரலைங்க."

"பாம்பு எண்டு மட்டும் எழுதியிருக்கலாம்."

"எழுதியிருக்கலாம்."

"சரி, போட்டு வாறன்."

கோபித்துக்கொண்டிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும். அவரோ தன் தோட்டத்துக் கத்தரிக்காயைக் கொடுத்துவிட்டுப் போவார்.

பதில் ஒரே பக்கம். கண்டெடுத்தவர் வளர்த்தவர் அல்ல என முடிவுசெய்யப்பட்டது, கோப்பு மூடப்பட்டது. காரணங்களில் ஒன்று: விலங்கு அரிசோனா இனம் அல்ல, மெக்சிகோ பக்கத்து நெருங்கிய இனம், படிவத்தில் இனம் தவறாகக் குறிக்கப்பட்டுள்ளது, வளர்த்தவர் இந்தத் தவறைச் செய்திருக்க வாய்ப்புக் குறைவு.

அவருக்கு வாசித்துக் காட்டினேன். "நல்ல காலம் அங்கிள், நீங்கள் பிழையா எழுதினது," என்று சொல்லிவிட்டு, கண்ணைத் துடைத்துக்கொண்டு கடிதத்தை வாங்கி நான்காக மடித்துச் சட்டைப் பையில் வைத்தார். விசா அலுவலகத்துக்கு அனுப்பப் பிரதி வேண்டும் என்று திரும்ப வாங்கினேன். வழக்கப்படி, வந்த நாளை மேல் மூலையில் பென்சிலால் குறித்தேன்: ஆகஸ்ட் பத்தொன்பது, செவ்வாய்க்கிழமை.