சுவருக்கு அடியில் கிடந்த ஃபியூஸ் கட்டைகள்

வெகுகாலம் அமீனாவாக இருந்தேன். கோர்ட்டு தீர்ப்பைக் கையில் எடுத்துக்கொண்டு போய் வீட்டைக் காலி பண்ண வைப்பதும் வேலியைப் பிடுங்குவதும்தான் பிழைப்பு. போகிற இடமெல்லாம் மண்ணை வாரித் தூற்றுவார்கள். அதற்கெல்லாம் அசரமாட்டேன். எனக்கு மூக்குக்கு மேல் கோபம், பதிலுக்கு நாலு வார்த்தை கேட்டுவிட்டுத்தான் திரும்புவேன். விருத்தாசலத்தில் ஒரே ஒரு வீட்டில் மட்டும் திரும்பும்போது எனக்கு வாய் எழவில்லை.

பீங்கான் சூளைகளுக்குப் பின்னால் இருக்கும் தெரு. சூளையில் சேர்ந்து வேலை பார்த்த இரண்டு சினேகிதர்கள் ஒரு மனையை வாங்கிப் பாதிப் பாதியாகப் பிரித்து வீடு கட்டியிருந்தார்கள். ஒருவர் இறந்துபோனார். மற்றவர் பக்கவாதம் வந்து, பேச்சும் போய், கட்டிலில் விழுந்தார். அதற்குப் பிறகுதான் இறந்தவரின் மகன், பக்கத்து வீட்டுச் சுவர் தன் மனைக்குள் இரண்டடி வந்திருக்கிறது என்று கேஸ் போட்டான். தெருமுனை சர்வே கல்லிலிருந்து அளந்து பார்த்தார்கள், தீர்ப்பும் அவன் பக்கம் ஆனது. அந்த இரண்டடியையும் சேர்த்துத்தான், சுவரை ஒட்டி, கட்டிலில் கிடந்த பெரியவரின் கக்கூஸ் இருந்தது. மனைவியின் தோளைப் பிடித்துக்கொண்டு அவர் நடந்துபோய் வருகிற ஒரே இடம் அது.

"இத மட்டும் உட்டுடுங்க சார். இது போச்சுன்னா அவுருக்கு எல்லாம் படுக்கையிலதான். ரோஷக்காரரு சார், தாங்கமாட்டாரு" என்றார் அந்த அம்மா.

"மேல் கோர்ட்டு வரைக்கும் கேட்டு முடிச்சாச்சு. எங்கிட்ட சொல்லி என்னாம்மா ஆவப்போவுது?"

கடப்பாரை இறங்கியதிலிருந்து பெரியவர் இடது கையால் தரையையே காட்டிக்கொண்டிருந்தார். தொண்டையிலிருந்து ஏதோ சத்தம் வந்தது. தண்ணீர் கேட்கிறார் என்று நினைத்து நானே சொம்பை நீட்டினேன். தட்டிவிட்டார். என் சட்டையெல்லாம் நனைந்தது. "பாவம் பாத்தா இப்படி" என்று கடுகடுத்தேன். இன்றைக்கு நினைத்தாலும் என்னை நானே செருப்பால் அடித்துக்கொள்ளலாம் போலிருக்கிறது.

கக்கூஸ் இடிந்து, சுவரும் விழுந்து, அஸ்திவாரத்தைப் பெயர்த்தபோது கடப்பாரை கணீரென்றது. உள்ளே வெள்ளை வெள்ளையாகக் கோணிப்போன பீங்கான் ஃபியூஸ் கட்டைகள், சூளையில் கழித்துப் போட்டவை. சுவர் நின்ற கோட்டிலேயே வரிசையாகப் புதைத்திருந்தார்கள். கல்லை யாரும் நகர்த்திவிடலாம் என்று அந்தத் தெருக்காரர்கள் மனை பிரிக்கும்போது எல்லையில் இப்படிப் புதைப்பார்கள் என்று வேறொரு கேஸில் கேள்விப்பட்டிருந்தேன். இரண்டு பேரும் சேர்ந்து நின்றுதான் தோண்டிப் பார்க்க வேண்டும். வெளியே தெரியக் கூடாதென்று வீட்டில்கூடச் சொல்வதில்லை. சுவர் சரியான இடத்தில்தான் நின்றிருக்கிறது. ரோடு போட்டபோதோ எப்போதோ தெருமுனைக் கல்தான் இடம் மாறியிருக்கிறது.

கட்டிலைப் பார்த்தேன். தரையைக் காட்டிய கை தொங்கிப்போயிருந்தது. பெரியவர் அழுதுகொண்டிருந்தார்.

கேஸ் போட்ட மகன் ஒரு கட்டையை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். "எங்கப்பா எங்கிட்ட சொல்லலியே சார்" என்றான். பிறகு அதைக் கீழே போட்டுவிட்டு, "தீர்ப்பு தீர்ப்புதானுங்களே?" என்று கேட்டான்.

"ஆமா" என்றேன். தீர்ப்பில் இருப்பதைத்தான் அமீனா செய்ய முடியும், அது உண்மைதான்.

அறிக்கை எழுத உட்கார்ந்தேன். அந்த அம்மா ஒரு ஃபியூஸ் கட்டையைக் கொண்டுவந்து என் காகிதத்தின் பக்கத்தில் வைத்தார்.

"இது கெடச்சுதுன்னு ஒரு வரி எழுதிக்கங்க சார். நாளைக்கி ஒரு வழி பொறக்கும்."

எழுதினால் என்னைக் கூண்டில் ஏற்றிக் குடைவார்கள். ஓய்வு பெற நாலு மாதம்தான் இருந்தது. பயந்துவிட்டேன்.

"அதுக்கு இதுல எடம் இல்லம்மா" என்றேன்.

'எதிர்ப்பின்றி இடம் ஒப்படைக்கப்பட்டது' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன். அதற்குக் கீழே பாதிப் பக்கம் காலியாகக் கிடந்தது. அந்த அம்மா அதையே பார்த்துக்கொண்டு நின்றார். அவருக்குப் படிக்கத் தெரியும்.