கல்லா மண்ணா

அன்னவாசலில் என் அக்கா வீட்டுக்குப் பின்னால் ஒரு பாறை தரையோடு தரையாகப் படுத்துக் கிடக்கிறது. சுற்றிலும் செம்மண். சாயங்கால வெயில் சாய்ந்து விழும்போது எது பாறை, எது மண் என்று சட்டென்று பிடிபடாது. எல்லாம் ஒரே நிறத்தில் மிதக்கும். அந்த நேரத்தில்தான் பிள்ளைகள் அங்கே கல்லா மண்ணா ஆடுவார்கள்.

பிள்ளைகளின் விளையாட்டையும் பேச்சையும் போனில் பதிவு செய்துகொண்டு திரிவது என் வேலை. இதெல்லாம் ஒரு படிப்பா என்று அக்கா இன்றுவரை கேட்கிறாள்.

பிடிக்கிறவர் மண் என்று சொன்னால் மண் அவருக்கு, கல் மற்றவர்களுக்கு. கல்லை விட்டு இறங்கியவரைத் தொட்டுவிட்டால் அவுட். அடுத்துப் பிடிப்பது அவர்.

போன கோடையில் திருப்பூரிலிருந்து ஒரு குடும்பம் ஊரோடு வந்து சேர்ந்தது. அந்த வீட்டுச் சின்னப்பெண்ணை ஒப்புக்குச் சப்பாணியாகச் சேர்த்துக்கொண்டார்கள். கூடவே ஓடலாம், கத்தலாம். தொட்டாலும் அவள் அவுட் இல்லை. பக்கத்து வீட்டு ஏழாம் வகுப்புக்காரி வைத்த சட்டம். அங்கே அவள் வைத்ததுதான் சட்டம். பெரியவர்களுக்கு இல்லாத கருணை என்று நான் போனில் உருகி உருகிப் பேசி வைத்தேன்.

அந்தச் சின்னவளோ வேண்டுமென்றே மண்ணில் இறங்கி, பிடிக்கிறவர் முன்னால் போய் நிற்பாள். காற்றைக் கடப்பதுபோல அவளைக் கடந்து ஓடுவார்கள். ஒருநாள் என் அருகில் வந்து உட்கார்ந்தாள். கண் கலங்கியிருந்தது.

"என்னைய யாருமே புடிக்க மாட்டேங்குறாங்க அத்தே."

எனக்குச் சுருக்கென்றது. என் கருணைப் பிரசங்கத்தின் மேலேயே கோபம் வந்தது. எழுந்துபோய், நானும் ஆட்டைக்கு வருகிறேன் என்றேன். ஏழாம் வகுப்புக்காரி என் முழங்காலைச் சந்தேகமாகப் பார்த்தாள். பிறகு, வந்தவர்தான் முதலில் பிடிக்க வேண்டும் என்றாள்.

மண் கேட்டேன். எல்லோரும் பாறைக்கு ஓடினார்கள். சின்னவள் மட்டும் வழக்கம்போல இறங்கி நின்றாள். மூச்சிரைக்க ஓடிப்போய் அவள் தோளைத் தொட்டேன்.

"அவுட்டு."

ஆட்டம் அப்படியே நின்றது. வெயில் கூட நின்றதுபோல இருந்தது. சின்னவள் என்னைப் பார்க்கவில்லை. ஏழாம் வகுப்புக்காரியின் வாயையே பார்த்தாள். பெரியவள் அவளையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தாள்.

"சரி, தொட்டாச்சு. இனி இவதான் புடிக்கணும்." என் பக்கம் திரும்பினாள். "ஒங்களுக்கு ஓட முடியல அத்தே. நீங்க ஒப்புக்குச் சப்பாணியா இருங்க."

கல்லா மண்ணா என்று எல்லோரும் கேட்டார்கள். மண் என்று சின்னவள் கத்திய கத்தலில் மரத்துக் காக்கைகள் எழும்பின. அவளைக் கண்டு பிள்ளைகள் நிஜமாகவே பயந்து சிதறி ஓடினார்கள். பாறையிலிருந்து நானும் இறங்கி, அவள் வரும் வழியில் நின்றேன். கையை நீட்டினால் தொட்டுவிடலாம்.

புழுதி கிளப்பிக்கொண்டு வந்தாள். சிரித்தபடியே என்னைக் கடந்து ஓடிப்போனாள்.