சலவை இயந்திரத்தின் பொட்டு

எங்கள் சலவை இயந்திரம் புகைந்து கருகிப்போயிருந்தது. வேறொன்று வாங்க வழியில்லை. அதே ரக இயந்திரத்தால் பாதிக்கப்பட்டவர்கள் போட்ட கூட்டு வழக்கில் கம்பனி இழப்பீடு தர ஒத்துக்கொண்டிருந்தது. இணையத்தில் விண்ணப்பிக்க அன்றுதான் கடைசி நாள். தொடரிலக்கத்தின் படம் மட்டும்தான் பாக்கி.

இயந்திரத்தைத் திருப்பினேன். இலக்கம் இருந்த ஸ்டிக்கர் முழுக்க, வாங்கிய அன்று மனைவி வைத்த சந்தனமும் குங்குமமும்.

“பொட்டு வைக்க வேறை இடம் கிடைக்கேல்லையோ?”

“முன்னுக்கு வைச்சால் இஞ்சத்தை வெள்ளைக்காரர் என்னெண்டு கேப்பினம். அதுதான் பின்னுக்கு வைச்சனான்.”

ஈரத்துணியால் தேய்த்தேன்.

“ஐயோ, வெள்ளிக்கிழமையில பொட்டை அழிக்காதேங்கோ!”

கேட்காமல் அழுத்தித் தேய்த்தேன். பொட்டோடு இலக்கமும் உரிந்து வந்துவிட்டது. கணினி இன்னும் படம் கேட்டுக்கொண்டிருந்தது.

சிவந்துபோன துணியைப் படமெடுத்து அனுப்பினேன்.