ரூத் தாழ்ப்பாளைத் திறந்த காலை

பூட்டிய கதவுக்கு முன்னால் நின்று அழுதேன் நான். கடந்த மாசி மாதம், ஒரு வியாழக்கிழமை.

லண்டன் இல்ஃபோர்டில் ரூத் என்ற யூத மூதாட்டியைப் பராமரிப்பது என் வேலை. வயது எண்பத்தெட்டு, நினைவு அலையும் பருவம். அன்று தாதி இன்சுலின் போட்டுவிட்டுப் போயிருந்தார். உடனே சாப்பிட்டாக வேண்டும், இல்லாவிட்டால் சீனி இறங்கி மயங்கிவிடுவார். அந்த நேரம் பார்த்து, பக்கத்து வீட்டுத் திருட்டை விசாரிக்க இரண்டு பொலிஸ்காரர் வாசலுக்கு வந்தார்கள். சீருடையைக் கண்டதும் ரூத் குளியலறைக்குள் போய்த் தாழிட்டார்.

பொலிஸ் போனது. அவர் வரவில்லை. கதவில் சாய்ந்து உட்கார்ந்திருந்தவரின் மூச்சு மட்டும் கேட்டது. பிறகு அதுவும் மெலிந்தது. அம்புலன்சுக்கு அடித்தேன். கதவை உடைக்கப் பொலிஸை அனுப்பவா என்றார்கள். இன்னொரு சீருடை வேண்டாம், கொஞ்சம் பொறுங்கள் என்றேன். சொன்ன பிறகுதான் யோசித்தேன். என் சொல்லாலேயே அவர் செத்துவிட்டால்?

என்னோடு வேலை செய்யும் சாந்தி அக்கா முருக பக்தை. "உம்மட ஆண்டவரிட்டைக் கேளுமன். என்ர முருகன் காலமையில இருந்து போன் எடுக்கிறார் இல்லை."

"கேக்கத்தான் பாக்கிறன் அக்கா. வாய் வருகுதில்லை."

உண்மை. ஜெபக் கூட்டங்களில் மழையாய்ப் பேசுகிறவள் நான். அன்று ஒரு சொல் இல்லை. முழந்தாளிட்டேன். சொல்லுக்குப் பதில் பாட்டு வந்தது. ஞாயிறுதோறும் நாம் பாடுகிற ஒரு துதிப் பாட்டு. வேலை வீட்டில் அப்படிப் பாடக் கூடாது. பாடினேன். சாந்தி அக்காவும் ராகத்தைப் பிடித்துக்கொண்டார்.

தாழ்ப்பாள் நகர்ந்தது. வெளிறிய முகம்.

"போய்விட்டார்களா?" என்று ஆங்கிலத்தில் கேட்டார் ரூத்.

"உம்மட ஆள் உடன போன் எடுத்திட்டாரே," என்றார் சாந்தி அக்கா, கண்ணைத் துடைத்தபடி.

அம்புலன்ஸ் வந்தபோது, கஞ்சிக்குச் சீனி காணாது என்று ரூத் எங்களை ஏசிக்கொண்டிருந்தார். அந்தப் பேச்சு தேன்.

பின்னேரம் அவருடைய மகள் தொலைபேசியில் சொன்னார். இரண்டாம் உலகப் போர்க்காலத்தில், ஆறு வயது ரூத்தைப் பிரான்சின் ஒரு மலைக் கிராமம் ஒளித்து வைத்திருந்தது. ஜெர்மன் படை வந்தால் யூதப் பிள்ளைகளைக் காட்டுக்குள் அனுப்புவார்கள். படை போனதும் கிராமத்தார் காட்டோரம் போய்த் துதிப் பாட்டுப் பாடுவார்கள். பாட்டுக் கேட்கும்வரை யாரும் வெளியே வரக் கூடாது.

எனக்கு அது தெரியாது. கர்த்தருக்குத் தெரியும். அதனால்தான் என் பேச்சை நிறுத்தினார்.

யாரென்று கேளாமல் பிள்ளைகளை ஏற்ற அந்தக் கிராமத்தாரை நினைத்தேன். எங்கள் முன்னறையில் இப்போது தஞ்சம் கேட்டு வந்த ஒரு சூடான் குடும்பம் இருக்கிறது. வீடு நெருக்கம். மனம் விசாலம்.

அன்பானவர்களே, ஜெபிக்க வராத நாளிலும் அவர் முன் போய் இருங்கள். அவர் பார்த்துக்கொள்வார். என்னைப் பார்த்துக்கொண்டார்.