நான் அனுப்பிய குரல் பதிவுகள்

மூன்றாம் வகுப்போடு ரப்பர் தோட்டத்தில் பால்மரம் சீவப் போனவன் நான். மலாக்கா பக்கம் செலண்டார் ஊரில் ஒரு பழைய லோரியில் தொடங்கி ஏழு லோரிக்கு முதலாளி ஆனேன். இரண்டு மாடி வீடு கட்டினேன். மகனை இன்ஜினியர் ஆக்கினேன். யாரும் கைதூக்கி விடவில்லை. இதைச் சொல்ல எனக்குக் கூச்சமில்லை. போன வருடம் மலாக்கா டவுன் மண்டபம் ஒன்றில் நடந்ததைச் சொல்லத்தான் கூசுகிறது.

என்னிடம் லோரி ஓட்டியவரின் மகள் பல்கலைக்கழகத்தில் படமெடுக்கப் படிக்கிறாள். கைப்பேசியால் மனிதர்கள் தனித்துப்போவதைப் பற்றிப் பரிசோதனையாக ஒரு குறும்படம் எடுப்பதாகச் சொல்லி என் குரல் பதிவுகளைக் கேட்டாள். எனக்கு எழுத வராது. கோலாலம்பூரில் இருக்கும் மகனுக்குத் தினமும் காலையில் வாட்ஸ்அப்பில் பேசித்தான் அனுப்புவேன். அவனும் உடனே கட்டைவிரல் படம் போட்டுவிடுவான். கேட்டுவிட்டான் என்று எனக்கு நிம்மதி. என் வாழ்க்கை வரலாறுதான் படமாகப் போகிறது என்று நினைத்து, கைப்பேசியையே அவளிடம் கொடுத்துவிட்டேன்.

திரையிட்ட அன்று மகனை விடாப்பிடியாக வரவழைத்துப் பக்கத்தில் உட்கார வைத்தேன். படத்தில் ஆளே இல்லை. கறுப்புத் திரை, என் குரல், ஒவ்வொரு பேச்சு முடிவிலும் ஒரு கட்டைவிரல். முட்டிவலிக்கும் அதுதான், கூரை ஒழுகியதற்கும் அதுதான். பிறகு அந்தப் பேச்சு வந்தது.

"தம்பி, நெஞ்சு அடைக்கிற மாதிரி இருக்குப்பா. பக்கத்து வீட்டு மலாய்க்காரரு ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போறாரு. ஒரு எட்டு வந்துட்டுப் போ."

அதற்கும் கட்டைவிரல்.

மண்டபமே சிரித்தது. மகனும் சிரித்தான். என் தொடையில் தட்டினான்.

"நல்லா நடிச்சிருக்கீங்க லா, அப்பா. வசனம் யாரு எழுதிக் கொடுத்தா?"

ஆஸ்பத்திரியில் கிடந்த நான்கு நாளும், அவனுக்கு லீவு கிடைத்திருக்காது என்று தாதிகளிடம் நானே அவனுக்காகப் பேசியவன். வீடு திரும்பியதையும் பேசித்தான் அனுப்பினேன். ஒன்றையும் அவன் திறந்து கேட்டதே இல்லை.

கடைசியில் பெயர்கள் ஓடின. எழுத்துக்கூட்டிப் படித்தேன். வசனம் என்ற இடத்தில் அந்தப் பெண்ணின் பெயர். வெளியே நிறுத்தி ஏன் என்று கேட்டேன். அவள் தலை குனிந்துகொண்டாள்.

"உங்க பேரப் போட்டா உங்க மகனுக்குத்தான் அசிங்கம், தாத்தா."

இருக்கட்டும். அந்தப் படம் இப்போது ஊர் ஊராகப் போட்டிக்குப் போகிறதாம். அதில் ஒரு சொல்லைக்கூட நான் நடிக்கவில்லை. யாரோ எழுதிக் கொடுத்தது என்று அவன் நம்பும்வரை, நான் அவனிடம் இன்னும் வாயே திறக்காத மாதிரிதான். போட்டி நடத்துகிறவர்களே, வசனம் என்ற இடத்தில் என் பெயரைப் போடுங்கள்.