கடைக்காரனுக்கு ஒரே ஒரு காட்சி

ஊரில் இருப்பவர்கள் நம்பமாட்டார்கள். லண்டன் தியேட்டரில் ஏழு மணிப் படம் ஏழு மணிக்குத் தொடங்காது, அரை மணித்தியாலம் விளம்பரம் ஓடும். அதை நம்பித்தான் நாங்கள் கெட்டோம். மகன் நடித்த முதல் அமெரிக்கப் படம் என்று விம்பிள்டன் பிள்ளையாருக்கு அர்ச்சனை செய்துவிட்டு, விபூதியும் பட்டுச்சேலையுமாக நானும் மனைவியும் இருட்டில் தடவித் தடவி உட்கார்ந்தபோது படம் தொடங்கியிருந்தது.

அமெரிக்கப் படங்களில் எங்கள் நிறத்தவர்களுக்கென்று சில வேடங்களை ஒதுக்கி வைத்திருக்கிறார்கள். டாக்ஸி ஓட்டுகிறவன், இரண்டு வரி பேசும் டாக்டர், காசுப்பெட்டிக்குப் பின்னால் நிற்கும் கடைக்காரன். மகனுக்குக் கடைக்காரன் வேடம். லண்டன் ஸ்ட்ரெதமில் கடை வைத்து அதை நான் இருபத்தைந்து வருடம் நிஜமாகவே செய்தேன். “அப்பா, முதல் வியாபாரக் காசைக் கண்ணில ஒத்துவீங்களே, அதையும் செய்திருக்கிறன்” என்று சொல்லியிருந்தான். அதைப் பார்க்கத்தான் போனேன்.

கடை திறந்த புதிதில் ஒரு வெள்ளைக்காரப் பெண் தந்த தாளை அப்படி ஒற்றினேன். கள்ளக்காசா என்று சோதிக்கிறேன் என நினைத்து, முகம் சிவந்து வேறொரு தாளை எடுத்து வைத்தார். விளக்க என்னிடம் ஆங்கிலம் இருக்கவில்லை. அதன்பிறகு ஆள் போனபின்தான் ஒற்றுவேன். மகன் மூலையில் வீட்டுப்பாடம் எழுதியபடி அதைப் பார்த்திருக்கிறான்.

“இஞ்சேருங்கோ, பிள்ளை எப்ப வருவான்?” என்றாள் மனைவி.

“பொறுமப்பா. இடைவேளைக்குப் பிறகாக்கும்.”

இங்கே இடைவேளையே இல்லை என்பதை மறந்துபோனேன். கடைசிவரை காத்திருந்தோம். வெளிச்சம் வந்ததும், நண்பர்களோடு முன்வரிசையில் இருந்த மகன் எங்களிடம் வந்தான்.

“முதல் சீன்லயே என்னை ஷூட் பண்ணிட்டாங்கள், அம்மா. ஹீரோவுக்குக் கோவம் வரவேணுமெல்லே.”

“சிவசிவா! என்ன கதை கதைக்கிறாய்?” என்று அவன் வாயைப் பொத்தினாள்.

கடைக்காரனுக்குப் படத்தில் பெயர்கூட இல்லையாம். நான் வேறு வேலை பார்த்திருந்தால் பிள்ளைக்கு வேறு வேடம் கிடைத்திருக்குமோ என்று மனம் கிடந்து அடித்துக்கொள்கிறது. அப்படியில்லை என்று தெரியும், ஆனாலும் கவலை போகவில்லை.

இப்போது படம் போனிலேயே வந்துவிட்டது. மனைவி பார்க்கமாட்டாள். நான் பார்க்கிறேன். மகன் தாளை இரண்டு கண்ணிலும் ஒற்றுகிறான், யாரும் பார்க்கிறார்களா என்று என்னைப்போலவே வாசலைப் பார்க்கிறான். அடுத்து கடைக் கதவின் மணி அடிக்கும். அதற்கு முன் நிறுத்திவிடுகிறேன்.