குதிரைக்காரப் பையன்

இன்சீன் ஊரில் எங்கள் பக்கத்து வீட்டு மேரி அக்காவின் மகன் பீட்டர், மலேசியாவுக்கு வேலைக்குப் போனவன். ஒரு வருடமாகத் தகவலே இல்லை. அப்போதுதான் அக்காவும் நானும் எங்கள் வீட்டில் ஒரு சீனப் போர்ப் படத்தின் முதல் பாகம் பார்த்தோம். சண்டை முடிந்ததும் அம்மாவிடம் போவேன் என்று அதில் ஒரு குதிரைக்காரப் பையன் சொல்வான்.

"நம்ம பீட்டர் மாதிரியே இருக்கான் பாரு," என்றார் அக்கா.

இரண்டாம் பாகம் வாங்கப் போன நான், இரண்டையும் சுருக்கி ஒரே படமாக்கிய டிவிடியை எடுத்துவந்தேன். கரண்ட் போவதற்குள் பார்த்து முடித்துவிடலாமே என்ற நினைப்பு. போர் முடிந்தது, அந்தப் பையன் வரவே இல்லை.

"அந்தப் புள்ளைக்கு என்னாச்சும்மா?"

"சண்டையில செத்திருப்பான்க்கா," என்றேன், எச்சில் தட்டுகளை எடுத்துக்கொண்டே.

அக்கா எழுந்து போய்விட்டார். அதன்பின் படம் பார்க்க வரவில்லை. அந்த மாதமே வீட்டைக் காலி செய்துவிட்டார். எந்த ஊருக்கு என்று யாருக்கும் தெரியவில்லை.

பிறகுதான் இரண்டாம் பாகம் கிடைத்தது. கடைசியில் அந்தப் பையன் நொண்டிக்கொண்டே வீடு வந்து சேருகிறான். வாசலில் அரிசி புடைத்துக்கொண்டிருந்த அம்மா நிமிர்ந்து பார்க்கிறாள்.

நான் டிவியை நிறுத்தினேன். அதைப் பார்த்திருக்க வேண்டியவள் நானில்லை.